கூழ் எப்போது தடிக்கும்?

ஒடியற் கூழ் எவ்வளவு நேரம் கொதிக்கவேண்டும் என்று கேட்டால் எங்கள் ஆச்சி மணிக்கணக்குச் சொல்லமாட்டா. பலாக்கொட்டை ஒன்றை எடுத்து நசித்துப் பார் என்பா. அது நசிந்தால் மீனும் நண்டும் போடலாம். அவை வெந்த பிறகுதான் கரைத்து வைத்த ஒடியல் மா. பொறுமை இல்லாமல் நான் மாச்சட்டியைத் தூக்கினால் கையைத் தட்டிவிடுவா: "இப்ப விடாதை மோனை. தடிச்சிட்டுதெண்டால் பிறகு ஒண்டும் வேகாது."

பல்கலைக்கழகத்தில் 'அரசியல் அபிவிருத்திக் கோட்பாடுகள்' என்று ஒரு பாடம் உண்டு. சமூகம் எப்படி மாறுகிறது, மாறும்போது ஓரிடத்தில் ஆட்சி நிலைப்படுவதும் இன்னோரிடத்தில் பொங்கி அடுப்பையே அணைப்பதும் ஏன் என்பதுதான் அதன் கேள்வி. இரண்டாம் உலகப்போருக்குப் பிறகு புதிய நாடுகள் வரிசையாகப் பிறந்தபோது அமெரிக்கப் பல்கலைக்கழகங்கள் இதற்கு விடை தேடி அடுக்கடுக்காய் நூல்கள் எழுதின. அவற்றைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு ஆச்சியின் அடுப்படிதான் நினைவுக்கு வரும். அதனால் மண்டைதீவில் கூழ் காய்ச்சும் வரிசையிலேயே அந்தப் பாடத்தைச் சொல்லிப் பார்க்கிறேன்.

முதலில் பானையில் தண்ணீர், அதற்குள் போடவேண்டிய சாமான். குத்தரிசி, பலாக்கொட்டை, மரவள்ளிக்கிழங்கு, பயற்றங்காய். சாமான் எல்லாம் சரியாக விழுந்தால் கூழ் தானாக வரும் என்று நம்பியவர்களை நவீனமயமாதல் கோட்பாட்டாளர் என்பார்கள். டானியல் லேர்னர் 1958இல் எழுதிய நூலில் துருக்கியின் பல்கட் என்ற கிராமம் வருகிறது. அங்கே ஒரு மளிகைக்கடைக்காரரும் ஒரு ஊர்த்தலைவரும். தலைவருக்கு ஊரே போதும். கடைக்காரருக்கோ அங்காராவில் பெரிய கடை போடும் கனவு. 1950இல் பேட்டிகள் எடுக்கப்பட்ட அந்த ஊருக்கு லேர்னர் 1954இல் போகும்போது தெருவும் பேருந்தும் வந்திருந்தன, ஊர் அங்காராவின் புறநகராகிக்கொண்டிருந்தது. நகரம், எழுத்தறிவு, வானொலியும் பத்திரிகையும், கடைசியில் அரசியல் பங்கேற்பு: இதுதான் அவர் கண்ட வரிசை. 1959இல் லிப்செற் வந்து, செல்வமும் கல்வியும் கூடிய நாடுகளில்தான் மக்களாட்சி நிற்கிறது என்று எண்களோடு காட்டினார். 1960இல் றொஸ்ரோ வளர்ச்சியை ஐந்து படிகளாக்கி, விமானம் ஓடுபாதையில் ஓடி மேலெழும்புவதைப் போன்ற ஒரு படியை நடுவில் வைத்தார்.

மண்டைதீவுக்காரருக்கு லேர்னரின் கதை புதிதாய் இராது. பண்ணையில் தொடங்கி கடலேரி நடுவே ஓடும் தெரு யாழ்ப்பாணத்திலிருந்து முதலில் தொடும் தீவு எங்களுடையது. சந்தியில் ஒரு கிளை ஊருக்குள் திரும்பும், மற்றது அல்லைப்பிட்டி, வேலணை என்று போகும். தீவார் கடை வைக்கப் போன இடங்களைப் பற்றி லேர்னர் கேட்டிருந்தால் அந்த மளிகைக்கடைக்காரருக்கு அரைப்பக்கம்கூடக் கொடுத்திருக்கமாட்டார். கொழும்பிலும் தெற்கின் சிறு பட்டினங்களிலும் சாப்பாட்டுக்கடையும் பலசரக்குக்கடையும் நடத்திய தீவார் அத்தனை பேர்.

ஆனால் சாமான் பட்டியலை வைத்துக்கொண்டு எங்கள் பக்கத்தைப் பார்த்தால் கணக்கு ஆரம்பத்திலேயே பிழைக்கிறது. இலங்கையில் வயதுவந்த எல்லோருக்கும் வாக்கு 1931இல் வந்தது. பிரித்தானியப் பெண்களுக்கு ஆண்களுக்குச் சமமான வாக்கு கிடைத்து மூன்றே ஆண்டு. யாழ்ப்பாணத்தில் பள்ளிக்கூடம் அதற்கு நூறு ஆண்டுக்கு முன்பே மிஷனரிமாரோடு வேரூன்றியிருந்தது. எழுத்தறிவு, பத்திரிகை, வாக்கு எல்லாம் பானையில் விழுந்தாயிற்று. அந்த முதல் தேர்தலில் நடந்தது என்ன? 1924இல் தொடங்கிய யாழ்ப்பாண வாலிபர் காங்கிரஸ் டொனமூர் அரசியலமைப்பில் முழுச் சுயராச்சியம் இல்லை என்று தேர்தலைப் பகிஷ்கரித்தது. யாழ்ப்பாணம், காங்கேசன்துறை, பருத்தித்துறை, ஊர்காவற்றுறை ஆகிய நாலு தொகுதிகளும் 1934 வரை வெறுமையாய்க் கிடந்தன. தீவுப்பகுதியின் தொகுதி ஊர்காவற்றுறைதான். படித்தவர்கள் வாக்குப்பெட்டியை நோக்கிப் போவார்கள் என்கிறது கோட்பாடு. எங்களூர்ப் படித்தவர்கள் 'இது போதாது' என்று பெட்டியைத் திருப்பி அனுப்பினார்கள். பின்னாளில் அந்தப் பகிஷ்கரிப்பைத் தவறு என்று சொன்னவர்கள் பலர். நானும் அப்படித்தான் நினைக்கிறேன். என்றாலும் அந்த இளைஞர்கள் கேட்டது வெறும் சாமானைத்தானா? பானை யார் கையில் என்பதையும் சேர்த்துத்தான் கேட்டார்கள்.

பானைக்கு வருவோம். கூழுக்கு வாய் அகன்ற பெரிய பானை வேண்டும். சின்னச் சட்டியில் முக்கால் மட்டம் வைத்து விறகைத் தள்ளினால் பொங்கி வழியும். சாமுவேல் ஹண்டிங்டன் 1968இல் வெளியிட்ட நூலின் சாரம் இதுதான். மக்கள் அரசியலுக்குள் வரும் வேகம் நெருப்பு. கட்சி, நீதிமன்றம், உள்ளூராட்சி, நிருவாகம் போன்ற நிறுவனங்கள் பானை. கல்வியும் தெருவும் வானொலியும் நெருப்பைக் கூட்டுகின்றன. பானை அதே வேகத்தில் பெருப்பதில்லை. வறுமையைவிட வறுமையிலிருந்து வெளியேறும் அவசரம்தான் ஆபத்து என்றார் அவர். லேர்னரின் நம்பிக்கையில் தண்ணீர் ஊற்றிய இந்த வாதத்தில் உண்மை நிறைய உண்டு. நெருப்பைக் குறை என்று எந்த அதிகாரிக்கும் சாட்டுச் சொல்லிக்கொடுக்கும் வாதம் என்பதையும் மறக்கக்கூடாது. ராணுவ ஆட்சிகளுக்கு இந்த நூல் பிடித்துப்போனதில் ஆச்சரியம் இல்லை.

இதே நூலில் இலங்கை வருகிறது. அதுவரை நகரத்து மேல்தட்டின் கையில் இருந்த ஆட்சியைக் கிராமத்து வாக்காளர் வாக்குச்சீட்டால் கைப்பற்றும் தேர்தல்களை ஹண்டிங்டன் தனியே பேசுகிறார். 1950 துருக்கி ஓர் உதாரணம், 1956 இலங்கை இன்னொன்று. சிங்களக் கிராமம் பண்டாரநாயக்காவோடு ஆட்சிக்கு வந்தது. புரட்சி இல்லை, ரத்தம் இல்லை, பானை பெருத்துக் கிராமத்தை உள்ளே எடுத்துக்கொண்டது. அவர் கண்ணில் இது நிலைப்படுத்தும் தேர்தல்.

அதே தேர்தலை மண்டைதீவுச் சந்தியில் நின்று பாருங்கள். அந்த ஆண்டு ஜூனில் சிங்களம் மட்டும் சட்டம் நிறைவேறியது. ஒரு பக்கத்துக் கிராமத்தை உள்ளே எடுத்த அதே அசைவு இன்னொரு பக்கத்துக் கிராமத்தை வெளியே தள்ளியது. ஹண்டிங்டன் பானையின் அளவைக் கணக்கிட்டார், அது யாருடைய வீட்டுப் பானை என்று பார்க்கவில்லை. பிறகு தமிழ்ப் பக்கத்தையும் உள்ளே எடுக்க இரண்டு தடவை புதுப்பானை வனையப் பார்த்தார்கள். 1957 ஜூலையில் பண்டாரநாயக்கா தமிழரசுக் கட்சித் தலைவர் செல்வநாயகத்தோடு செய்த ஒப்பந்தம், அது 1958 ஏப்ரலில் கிழிந்தது. 1965இல் டட்லி–செல்வநாயகம் ஒப்பந்தம், அதுவும் சட்டமாகவில்லை. இரண்டும் சூளைக்குப் போகுமுன் உடைந்த பச்சைமண் பானைகள்.

இனி நெருப்பு. இங்கேதான் தீவுப்பகுதி உலகக் கோட்பாட்டுக்கு ஒரு நல்ல சோதனைக்கூடம். அதிகம் பேசப்படாத சோதனை என்பதால் கொஞ்சம் நின்று பார்க்கிறேன்.

வி. நவரத்தினம் தமிழரசுக் கட்சியின் மூலவர்களில் ஒருவர். 1963 இடைத்தேர்தலில் ஊர்காவற்றுறையிலிருந்து நாடாளுமன்றம் போனவர். பின்னர் கட்சியோடு முறித்துக்கொண்டு தமிழர் சுயாட்சிக் கழகம் என்று தொடங்கினார். கூட்டாட்சியை விட்டுத் தமிழருக்குத் தனி அரசு என்று வெளிப்படையாகக் கேட்டார். 1970 தேர்தலில் அதே ஊர்காவற்றுறையில் அந்தக் கொள்கையோடு நின்றார். தீவார் அவரைத் தோற்கடித்து, கூட்டாட்சி கேட்ட தமிழரசுக் கட்சியின் கா. பொ. இரத்தினத்தை அனுப்பினார்கள். ஏழு ஆண்டு கழித்து, 1977இல், அதே இரத்தினம் அதே தொகுதியில் தமிழர் விடுதலைக் கூட்டணியின் வேட்பாளர். இம்முறை கூட்டணி கேட்டது 1976 வட்டுக்கோட்டைத் தீர்மானத்தின்படி தனி அரசுக்கான ஆணை. வென்றார். அதே தீவு, அதே மனிதர், பெரும்பாலும் அதே வாக்காளர். 1970இல் பைத்தியக்காரத்தனமாய்த் தெரிந்தது 1977இல் பொதுப்புத்தி ஆகியிருந்தது.

அந்த ஏழு ஆண்டுக்குள் என்ன நடந்தது? தீவார் ஏழையாகிப் போனார்கள், அதனால் கொதித்தார்கள் என்று சொல்ல வாய் வரும். கூழுக்கு அரைக்கும் செத்தல் மிளகாயைக் கேளுங்கள், வேறு கதை சொல்லும். 1970இல் வந்த சிறிமாவோ அரசு அந்நியச் செலாவணி இல்லாமல் மிளகாய், வெங்காய இறக்குமதியை இறுக்கியது. விலை ஏறியது. தெற்கில் பாணுக்கு வரிசையில் நின்ற காலத்தில் யாழ்ப்பாணத் தோட்டக்காரர் கையில் அதற்குமுன் காணாத காசு புழங்கியது. கல்வீடு கட்டினார்கள், தண்ணீர் இறைக்கும் மெஷின் வாங்கினார்கள். வருமானம் கூடினால் மனம் ஆறும் என்ற கணக்குப்படி அது அமைதியான காலமாக இருந்திருக்கவேண்டும்.

அதே ஆண்டுகளில் அதே வீட்டுக்குள் இன்னொரு காகிதம் வந்தது, பரீட்சைப் பெறுபேறு. 1970களின் தொடக்கத்தில் பல்கலைக்கழக அனுமதிக்குத் தரப்படுத்தல் வந்தபோது பொறியியல் பீடத்துக்குச் சிங்களத்தில் எழுதியவருக்கு 227 புள்ளி போதும், தமிழில் எழுதியவருக்கு 250 வேண்டும். பிறகு மாவட்டக் கணக்கு வந்தது. பின்தங்கிய மாவட்டங்களுக்கு இடம் கொடுப்பது நியாயம் என்று ஒரு பக்கம் வாதாடலாம், வாதாடவும் செய்தார்கள். ஆனால் மாவட்டம் என்ற அளவுகோலுக்குத் தீவு கண்ணில் படவில்லை. ஆய்வுகூடம் இல்லாத தீவுப் பள்ளிக்கூடத்துப் பிள்ளையும் யாழ்ப்பாண நகரத்துக் கல்லூரிப் பிள்ளையும் ஒரே 'முன்னேறிய' மாவட்டத்துப் பிள்ளைகள். 1972 அரசியலமைப்பு சிங்களத்தை ஆட்சிமொழியாகவும் பௌத்தத்தை முதன்மைப்பட்டதாகவும் எழுதிவைத்தது.

ஜேம்ஸ் டேவிஸ் 1962இல் ஒரு வளைகோடு வரைந்தார். நீண்ட காலம் ஏறிக்கொண்டு வந்த கோடு திடீரென்று கீழே வளையும்போது, எதிர்பார்ப்பு மட்டும் பழைய வேகத்தில் மேலே போகிறது. இரண்டுக்கும் நடுவில் விரியும் வெளியில்தான் கலகம் பிறக்கிறது. ரெட் கேர் 1970இல் அதையே விரித்து, மனிதர் வயிற்றை வைத்து ஆத்திரப்படுவதில்லை, தமக்கு உரியது என்று நினைப்பதற்கும் கைக்கு வருவதற்கும் உள்ள தூரத்தை வைத்தே ஆத்திரப்படுகிறார் என்றார். ஊர்காவற்றுறையை விளக்க எனக்குக் கிடைத்தவற்றில் இதுதான் கிட்ட வருகிறது. ஒரு திருத்தம் மட்டும். டேவிஸ் ஒரு சமூகத்துக்கு ஒரு கோடு வரைந்தார். இங்கே ஒரு கூரைக்குக் கீழே இரண்டு கோடு. தகப்பனுடைய கோடு மிளகாயோடு ஏறியது, மகனுடைய கோடு புள்ளியோடு இறங்கியது. தகப்பனிடம் காசு இருந்ததால்தான் மகனை மேலும் படிக்க வைத்தார், எதிர்பார்ப்பும் அதனால் ஏறியது. 1977க்குப் பிறகு ஜே. ஆர். ஜெயவர்த்தனா இறக்குமதியைத் திறந்துவிட்டபோது தகப்பனுடைய கோடும் கீழே வந்தது.

இப்போது மா. ஒடியல் என்பது பனங்கிழங்கைப் பச்சையாய்க் கிழித்து வெயிலில் காயவைத்தது. அதன் மாவில் ஒரு கயப்பு உண்டு. தண்ணீரில் ஊறவிட்டு, மா அடியில் படிந்ததும் மேல் தண்ணீரை இறுத்து ஊற்றி, மறுபடி தண்ணீர் விட்டு மறுபடி இறுக்கவேண்டும். இந்த வேலைக்குக் குறுக்குவழி இல்லை. கயப்போடு மாவை விட்டால் பார்வைக்கு நல்ல கூழ்தான், தொண்டையில் இறங்காது.

எங்கள் சமூகத்தின் கயப்பு எது என்று தீவாருக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. கோயில் வாசல், கிணற்றடி, தேத்தண்ணிக்கடைக் குவளை. சமூகக் குறைபாடுகள் ஒழிப்புச் சட்டம் 1957இலேயே வந்துவிட்டது. தேத்தண்ணிக்கடைக்குள் எல்லோரும் ஒரே வாங்கில் இருந்து ஒரே குவளையில் குடிக்க அந்தச் சட்டம் போதவில்லை. 1966 ஒக்ரோபர் 21இல் சுன்னாகத்திலிருந்து யாழ்ப்பாணம் முற்றவெளிக்கு ஊர்வலம் போனது, பொலிசாரிடம் அடி வாங்கியது. 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாசலில் ஆலயப் பிரவேசப் போராட்டம் நடந்தது. கே. டானியலின் 'பஞ்சமர்' நாவல் அந்தக் காலத்தின் சூட்டோடு பிறந்தது.

மானிடவியலாளர் பிறையன் பஃபென்பேர்கர் 1990இல் இந்த மாவிட்டபுர நெருக்கடியை எடுத்து எழுதினார். உள்ளே பிளந்துகொண்டிருந்த சமூகத்தை ஒன்றாக நிறுத்தும் தேவையும் தமிழ்த் தேசிய அரசியலை உருவாக்கிய விசைகளில் ஒன்று என்பது அவர் வாதம். தேசியம் முழுக்க இதனால்தான் வந்தது என்று யாராவது சொன்னால் நான் ஒப்பமாட்டேன். 1956உம் தரப்படுத்தலும் கற்பனை இல்லை. ஆனால் ஆச்சி சொன்ன வரிசைப் பிழை இதற்குள் இருக்கிறது. ஒரு தடவைதான் இறுத்தோம், கயப்பு பாதி நின்றது, அதற்குள் வெளிநெருப்பு கூடியது, மாவை விட்டோம். தடித்தது. தடித்த பிறகு ஒன்றும் வேகவில்லை. சாதியைப் பற்றிப் பேசினால் 'இப்ப இதுக்கே நேரம்?' என்ற கேள்வி பல பத்தாண்டு எல்லோர் வாயிலும் இருந்தது.

இடையில் விட்டுப்போன நண்டைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். நல்ல பருமனான நீலக்கால் நண்டு கூழுக்கு வருவது குறைவு, அது ஐஸ்பெட்டியில் ஏறிக் கப்பலுக்குப் போய்விடும். அந்திரே குண்டர் ஃபிராங்க் 1966இல் சொன்னது இந்தப் பெட்டியைப் பற்றித்தான்: விளிம்பு பின்தங்கிக் கிடப்பது அது மையத்தோடு இணையாததால் இல்லை, இணைந்த விதத்தால். லேர்னருக்குத் தெரு என்றால் நகரம் ஊருக்குள் வரும் வழி. ஃபிராங்குக்கு ஊர் நகரத்துக்குக் கரைந்து போகும் வழி. பண்ணைத் தெருவில் இரண்டும் ஓடியிருக்கின்றன. ஆனால் வெளிநாட்டுக் காசு வந்து இறங்கும் ஊரை ஃபிராங்கின் படத்துக்குள் அடக்க முடியாது. அங்கே மையம் விளிம்புக்கு மாதாமாதம் அனுப்புகிறது, பிள்ளைகளை வைத்துக்கொண்டு.

போர் வந்து சேரும் இடத்தில் உவமையும் நிற்கிறது, கோட்பாடும் நிற்கிறது. 1990 ஓகஸ்டில், முற்றுகைக்குள் இருந்த யாழ்ப்பாணக் கோட்டையை நோக்கி ராணுவம் ஊர்காவற்றுறைப் பக்கமிருந்து வேலணை, அல்லைப்பிட்டி வழியாக மண்டைதீவுக்கு வந்தது. அந்த நாள்களில் பிடித்துக்கொண்டு போகப்பட்ட இளைஞர்கள் திரும்பி வரவில்லை. சனம் பண்ணைக்கு அப்பால் ஓடியது. அடுப்பும் பானையும் அப்படியே கிடந்தன. றொஸ்ரோவின் ஐந்து படியில் இதற்குப் படி இல்லை, ஹண்டிங்டனின் பானைக் கணக்கில் பானைக்காரரே சுடப்படும் வரி இல்லை. காணாமல் ஆக்கப்பட்டோரின் தாய்மார் இன்னும் படங்களோடு தெருவோரம் இருக்கிறார்கள். அவர்கள் கேட்பதை 'அபிவிருத்தி' என்ற தலைப்பின் கீழ் எந்தத் திணைக்களமும் பதியவில்லை.

உவமைக்கு வேறு குறையும் உண்டு. அடுக்களையில் ஆச்சி ஒருத்தி இருக்கிறா, நண்டுக்குக் கருத்து இல்லை. சமூகத்தில் நண்டும் மாவும் விறகும் தாங்களே யோசிக்கின்றன, ஒருவரை ஒருவர் பார்த்து முடிவை மாற்றுகின்றன. கூழை நாளைக்கும் காய்ச்சலாம், 1970ஐத் திரும்பக் காய்ச்ச முடியாது.

2025 செப்ரெம்பர் 1ஆம் திகதி ஜனாதிபதி அநுர குமார திசாநாயக்க மண்டைதீவுக்கு வந்து சர்வதேச கிரிக்கெட் மைதானத்துக்கு அடிக்கல் நாட்டினார். ஊரில் மகிழ்ந்தவர்கள் உண்டு, கிரிக்கெட் என்றால் வடக்குப் பிள்ளைகளுக்கு உயிர். சதுப்பு நிலமும் கண்டலும் என்னாகும் என்று சூழலியலாளர் கேட்டார்கள். லேர்னர் உயிரோடு இருந்தால் பல்கட்டைப்போல் இங்கே நாலு ஆண்டு கழித்து வந்து பார்ப்பேன் என்றிருப்பார். எனக்கு அவரிடம் கேட்க வேறொன்று இருக்கிறது.

கூழ் இறக்குமுன் கடைசி வேலை ஒன்று உண்டு. ஆச்சி அகப்பையில் கொஞ்சம் அள்ளி, ஊதி, பக்கத்தில் நிற்கும் யாருடைய உள்ளங்கையிலாவது விடுவா. "உப்புப் பார்." உப்புப் பார்க்கும் கைக்கு வேலணைப் பிரதேச சபை உண்டு, அதற்கு 2025 மே மாதம் தேர்தல் நடந்தது. அதற்கு மேலே காணி, கல்வி, விவசாயம் பற்றிப் பேச 1987இன் பதின்மூன்றாவது திருத்தம் மாகாண சபை என்று ஒரு கையைத் தந்தது. வடக்கில் அதற்கு முதற்தேர்தல் 2013 செப்ரெம்பரில் நடந்தது. 2018 ஒக்ரோபரில் காலம் முடிந்தது. அடிக்கல் நாட்டிய அன்றும் அந்தச் சபையின் கதிரைகள் ஏழாவது ஆண்டாக வெறுமையாய்த்தான் கிடந்தன, 1931இல் ஊர்காவற்றுறைக் கதிரை கிடந்ததைப் போல. அப்போது நாங்களாக வெறுமையாக்கினோம்.